நூலக மேசை: காட்டினுள் காத்திருந்தவள்

இத்திங்கள் நம் மேசையின்மீது நூல் இல்லை; ஒரு மடிக்கணினி இருக்கின்றது. இதைக் கண்டதும் பழைய நேயர்கள் சிலர் முகம் சுளிப்பர் என்பதை அறிவோம். முன்பொருமுறை ஒலிநூல் ஒன்றைப் பற்றி எழுதியதற்கே, "காதால் கேட்பது படிப்பாகுமா?" என்று அன்பர் ஒருவர் இரண்டு பக்கக் கடிதம் விடுத்தார். அவருக்கு இம்முறை இன்னும் பெரிய சோதனை. பொறுத்தருள வேண்டுகின்றோம். காரணம் இல்லாமல் வழக்கத்தை மாற்றவில்லை. நாம் செய்த பிழை ஒன்றைத் திருத்திக்கொள்ள வேண்டியிருக்கின்றது.

நிகழ்ந்தது இதுதான். நம் சங்க நூலகம் ஞாயிறுதோறும் மாலை நான்கு மணிக்குத் திறந்து ஏழு மணிக்கு மூடப்படும். கோடையில் ஒரு ஞாயிறு, கல்கத்தாவாசிகள் அனைவரும் நன்கறிந்த கால்பைசாகிப் புயல் மூன்றரை மணிக்கே எழுந்துவிட்டது. அன்று நூலகத்திற்கு வந்தது ஒரே ஒருவர். கல்லூரியில் இறுதியாண்டு படிக்கும் பெண். குழந்தைப் பருவத்தில் நம் தமிழ் வகுப்பில் "ழ" சொல்லப் பழகியவள். மூலையில் அமர்ந்து திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பாடமா என்று கேட்டோம்.

"இல்லை மாமா, கதை. காட்சிப் புதினம் என்று சொல்வார்கள். பேய்க்கதைதான். ஆனால் பயமுறுத்துகிற பேய் இல்லை. ஒரு பெண்ணுக்கும் அந்தப் பேய்ப் பெண்ணுக்கும் வருகிற காதல்" என்றாள்.

நாம் சிரித்தோம். "பேய்க்குமா காதல்!" என்று சொல்லிவிட்டு, அலமாரியிலிருந்து ஒரு நாவலை எடுத்து அவள் முன் வைத்தோம். அவளும் மரியாதைக்கு அதனை எடுத்துச் சென்றாள்.

மறுவாரம் அவள் தாயார் வந்தார்கள். அம்மையாரை இருபது ஆண்டுகளாக அறிவோம். பொங்கல் விழாவில் இருநூறு பேருக்குப் பந்தி நடத்தக்கூடியவர்கள். எளிதில் கலங்குபவர்கள் அல்லர். அன்று கலங்கியிருந்தார்கள். "அண்ணா, இரண்டு மாதமாக இதே கதையைத் திரும்பத் திரும்பப் படிக்கிறாள். இதெல்லாம் நமக்கு வேண்டாத கதை என்று நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் கேட்பாள்" என்றார்கள். நாமும் சொன்னோம். அந்தப் பெண்ணை அழைத்து, "நல்ல இலக்கியம் எவ்வளவோ இருக்க, இதில் ஏன் பொழுதைப் போக்குகிறாய்?" என்று கேட்டோம். அவள் மறுமொழி கூறவில்லை. கொண்டுபோன நாவலை மேசைமேல் வைத்துவிட்டுப் போனாள். அடுத்த மூன்று ஞாயிறுகளும் வரவில்லை.

மூன்றாம் ஞாயிறு மாலை, அவள் அமரும் மூலையைப் பார்த்தபோதுதான் நமக்கு உறைத்தது. நூலகப் பொறுப்பில் இருந்துகொண்டு, ஒரு கதையின் முதல் வரியைக்கூடப் படிக்காமல் அதற்குத் தீர்ப்பு வழங்கியிருக்கின்றோம். புத்தகம் பேசும் பகுதியை மாதந்தோறும் எழுதுபவர் செய்யத் தகும் செயலன்று இது. எனவே அக்கதையின் பெயரைக் கேட்டறிந்து, விலை கொடுத்து வாங்கி, பன்னிரண்டு இரவுகளில் படித்து முடித்தோம். தாயும் மகளும் ஒப்புதல் அளித்த பின்னரே இவற்றை எழுதுகின்றோம்.

காட்சிப் புதினம் எப்படி இருக்கும் என்பதை அறியாதவர்களுக்குச் சிறிது சொல்ல வேண்டும். திரை நிறைய ஓர் ஓவியம்: ஓர் அறை, ஒரு தெரு, பனி மூடிய காடு. அதன்மேல் பாத்திரங்கள் வந்து நிற்பார்கள். முகக்குறிப்பு மாறும், உடல் பெரிதும் அசையாது. கீழே சிறு கட்டம் ஒன்றில் இரண்டு மூன்று வரிகள் தோன்றும். விசையை அழுத்தினால் அடுத்த வரிகள். பின்னணியில் இசை. சில இடங்களில் கதை நின்று, "இனி என்ன செய்யலாம்?" என்று நம்மையே வினவும். நாம் தேர்ந்தெடுப்பதற்கேற்பக் கதை கிளை பிரியும். அவ்வளவுதான். அம்பு எய்வதோ கோட்டை பிடிப்பதோ இதில் இல்லை. இந்த ஊரில் வாழும் நமக்கு இது முற்றும் புதியதும் அன்று. மேதினிபூர்ப் பக்கத்து நயா கிராமத்துப் பட்டுவாக்கள் படச்சுருளை மெல்ல மெல்ல விரித்து, ஒவ்வொரு கட்டமாக விரலால் சுட்டிக் கதை பாடுவதைக் கண்காட்சிகளில் பார்த்திருப்பீர்கள். அடுத்த கட்டம் விரியும்வரை காத்திருக்க வேண்டும். அந்தக் காத்திருப்பில்தான் சுவை.

இவ்வகைக் கதைகள் ஜப்பானில் வளர்ந்தவை. 1992-இல் சுன்சாஃப்ட் என்னும் நிறுவனம் வெளியிட்ட 'ஒட்டோகிரிசோ' இவற்றிற்கு முன்னோடி. இரவில் ஒரு பாழ்மாளிகைக்குள் அகப்பட்டுக்கொண்ட இருவரின் கதை அது. ஆக, இந்த வடிவம் பிறக்கும்போதே பேய்வீட்டில்தான் பிறந்தது. 1996-இல் லீஃப் என்ற நிறுவனம் தன் வெளியீடுகளுக்குக் காட்சிப் புதினம் என்னும் பொருள்படும் ஆங்கிலப் பெயரை இட்டது, அதுவே நிலைத்தது. 2004-இல் டாம் ராத்தமெல் என்னும் அமெரிக்கர் இத்தகைய கதைகளை இயற்றுவதற்கான 'ரென்பை' என்ற மென்பொருளை உருவாக்கி, யாவரும் விலையின்றிப் பயன்படுத்தலாம் என்று வெளியிட்டார். 'ரென்னாய்' என்றால் ஜப்பானிய மொழியில் காதல். 'பைத்தான்' என்பது கணினி மொழி. இரண்டையும் சேர்த்துப் பெயர் சூட்டினார். கருவியின் பெயரிலேயே காதல் இருப்பதாலோ என்னவோ, அதன்பின் பெரிய நிறுவனங்களின் தயவை நாடாமல் இருவரும் மூவருமாகச் சேர்ந்து இத்தகைய காதல் கதைகளை எழுதத் தொடங்கிவிட்டார்கள்.

நாம் படித்த கதையின் பெயர் 'ஹார்ட் ஆஃப் தி வுட்ஸ்'. காட்டின் இதயம் என்று கொள்ளலாம். ஸ்டூடியோ எலான் என்னும் சிறு குழுவினர் 2019-இல் வெளியிட்டது. ஆங்கிலத்தில் படித்தோம்.

மாடிசன் என்றொரு பெண். அவளுடைய உயிர்த்தோழி டாரா, பேய் பிசாசு முதலிய அமானுடச் செய்திகளைத் தேடிச் சென்று படம் பிடித்து இணையத்தில் வெளியிடுபவள். அந்த நிகழ்ச்சிக்குத் 'டாராநார்மல்' என்று பெயர். திரையில் தோன்றுபவள் டாரா. கணக்குப் பார்ப்பது, படத்தை வெட்டி ஒட்டுவது, பயணத்திற்கு ஏற்பாடு செய்வது எல்லாம் மாடிசன். பல ஆண்டுகள் இப்படிப் பின்னால் நின்று உழைத்தவள், இந்த ஒரு பயணத்தோடு விலகிவிடுவது என்று முடிவு செய்திருக்கிறாள். இந்த இடத்தில் நாம் சற்று நிறுத்திவிட்டோம். பிறர் பெயர் விளங்குவதற்காகத் தம் பெயர் தெரியாமல் உழைத்தவர்கள் நம் குடும்பங்களில் எத்தனை பேர்! நட்பு குறைந்ததனால் அவள் விலக நினைக்கவில்லை. தனக்கென்று ஒரு வாழ்வு வேண்டும் என்ற எண்ணந்தான். அதனைத் தோழியிடம் சொல்வதெப்படி என்பதே கதையின் முதற்பகுதி முழுவதும் நெஞ்சை அழுத்துகின்றது. பேய் வருவதற்கு முன்னரே கதைக்குள் நாம் அகப்பட்டுக்கொள்ளும் இடம் அதுதான்.

அவர்கள் செல்லும் ஊர் ஐசன்ஃபெல்ட். பெயர் ஜெர்மானியம்போல் ஒலிக்கின்றது. உலகப் படத்தில் தேட வேண்டாம், கற்பனை ஊர். சுற்றிலும் அடர்ந்த பழங்காடு, எங்கும் பனி. அவர்களை அழைத்தவள் மார்கன் என்னும் இளம்பெண். தன் ஊர் இயல்பான ஊர் அன்று என்கிறாள். அவளுடைய தாய்தான் அவ்வூர் மேயர். இரும்புக் கை கொண்டவர். காட்டினுள் சினங்கொண்ட ஏதோ ஒன்று உலவுகின்றது. அதற்கும் அப்பால், முறுக்கிய மரங்களைக் கடந்து சென்றால், மென்முறுவலோடு ஒரு பெண் நிற்கின்றாள். அபிகெயில் என்பது அவள் பெயர். இறந்துபோனவள். காட்டைவிட்டு நீங்க இயலாதவள். காலம் உள்ளளவும் அங்கேயே இருக்கும்படி கட்டுண்டவள்.

மாடிசன் அவளைச் சந்திக்கின்றாள். டாராவுக்கும் மார்கனுக்கும் இடையிலும் வேறொரு நேசம் அரும்புகின்றது. அதற்கு மேல் கதையைச் சொல்வது முறையன்று.

பேய் என்று சொன்னாளே தவிர, அந்தப் பெண் "பயமுறுத்தாத பேய்" என்று ஏன் சொன்னாள் என்பது மூன்றாம் இரவு நமக்கு விளங்கியது. வெளியே குளிர், காட்டில் அச்சம் உண்டு, உண்மையான ஆபத்தும் உண்டு. ஆனால் அவ்விருவரும் பேசத் தொடங்கியதும் கதை நடை தளர்ந்து அமர்ந்துவிடுகின்றது. நெடுங்காலம் ஒருவரும் பேச்சுக் கொடுக்காத ஒருத்தியிடம் ஒருத்தி பேச்சுக் கொடுக்கின்றாள். வேறு பெரிய நிகழ்ச்சி இல்லை. நாம் விசையை அழுத்துகின்றோம். அவள் இன்னொரு வரி சொல்கின்றாள். இத்தகைய கதைகளை ஆங்கிலத்தில் வழங்கும் அடைமொழிக்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்று எண்ணிப் பார்த்தோம். வீட்டு அம்மாவைக் கேட்டதற்கு, "கதகதப்பு என்று சொல்லுங்களேன்" என்றார்கள். அதைவிடப் பொருத்தமான சொல் அகராதியில் இல்லை.

நம் பேய்கள் கதகதப்பானவை அல்ல. பழையனூர் நீலியை எண்ணிப் பாருங்கள். கணவனால் கொல்லப்பட்டவள், பழி வாங்க மீண்டு வந்தவள், அவள் பொருட்டு எழுபது வேளாளர் தீயில் இறங்கினர் என்பது கதை. நம் பேய் நீதி கேட்டு வரும். கேட்டதைப் பெறாமல் போகாது. வங்காளத்துப் பேய்களின் இயல்பு வேறு. இங்குக் குடியேறிய புதிதில், அண்டை வீட்டுப் பாட்டி ஒருவர் நம் குழந்தைகளுக்கு மீன் திருடும் மேச்சோ பூத்தையும், சங்கு வளை அணிந்த சாக்சுன்னியையும் அறிமுகம் செய்துவைத்தார். சைவ வீட்டுப் பிள்ளைகள் மீன்பேயை எண்ணி விழுந்து விழுந்து சிரித்தது நினைவிருக்கின்றது. சத்யஜித் ராய் 1969-இல் எடுத்த 'கூப்பி காயின் பாகா பாயின்' படத்தில் பேயரசன் பாடகனுக்கும் மேளக்காரனுக்கும் மூன்று வரம் அளிப்பதை இன்றும் இவ்வூரார் கொண்டாடுகின்றனர். அந்தப் பேயரசனைக் கண்டு எந்தக் குழந்தையும் அழுததில்லை. வெறுக்காமல் வீட்டுக்குள் வைத்துக்கொள்ளத்தக்க பேயும் உண்டு என்பதை நாம் கற்றது இந்த ஊரில்தான்.

ஆனால் ஒரு பெண்ணை நேசிக்கும் பேய்ப் பெண் என்று வரும்போது, பழைய கதைகள் இரக்கம் காட்டியதில்லை. ஷெரிடன் லெ ஃபானு என்னும் அயர்லாந்து எழுத்தாளரின் 'கார்மில்லா'வை இளமையில் படித்திருக்கின்றோம். 1872-இல் நூலாக வந்தது. பிராம் ஸ்டோக்கரின் 'டிராகுலா'வுக்கு 25 ஆண்டுகள் மூத்தது. அதுவும் காட்டின் நடுவே நடப்பதுதான். ஆஸ்திரியாவின் ஸ்டிரியா நாட்டில், தனித்த மாளிகையொன்றில் தந்தையோடு வாழும் லாரா என்ற பெண். தோழமைக்கு ஒருவரும் இல்லை. அங்கே விருந்தாளியாக வந்து சேர்கின்றாள் கார்மில்லா. லாராவின் கையைப் பற்றிக்கொள்கின்றாள்; பிரிய மாட்டாள்; அன்பு மொழிகளைக் காதோடு கூறுகின்றாள். லாராவுக்கு அவள்பால் ஈர்ப்பும் வெறுப்பும் ஒருங்கே எழுகின்றன. இறுதியில் கார்மில்லா இரத்தம் குடிக்கும் பேய் என்று தெரிந்து, கல்லறையைத் திறந்து, மார்பில் கழுவை அறைந்து, தலையைக் கொய்து, எரித்துவிடுகின்றனர். செய்பவர்கள் அனைவரும் ஆடவர், பெரியோர், நல்லவர்கள். லாராவை எவரும் ஒன்றும் கேட்பதில்லை.

இளமையில் அந்நூலைப் படித்தபோது, பேய் ஒழிந்தது என்று மகிழ்ந்து மூடி வைத்தோம். இப்போது 'காட்டின் இதய'த்தைப் படித்த பின் மறுபடியும் எடுத்துப் பார்த்தோம். கடைசிப் பக்கத்தில் லாரா, ஆண்டுகள் கழிந்தும், கூடத்துக் கதவருகே கார்மில்லாவின் மெல்லிய காலடி கேட்டதுபோல் திடுக்கிடுவதாக ஆசிரியர் எழுதியிருக்கிறார். முதல் படிப்பில் அதனை அச்சம் என்று கொண்டோம். அச்சம் மட்டுந்தானா என்று இப்போது உறுதி சொல்ல முடியவில்லை.

அன்று ஒரு பெண்ணை விரும்பும் பெண்ணுக்குக் கதையில் கிடைத்த இடம் பேயின் இடம். அவளை ஒழித்தால்தான் கதை முடியும். இப்போது நாம் படித்த கதையிலும் பேய் உண்டு, காடு உண்டு, அச்சம் உண்டு. ஆயினும் அச்சம் வருவது வேறு திசையிலிருந்து. பேயாக நிற்பவள் ஒருவரையும் கெடுக்காதவள். இவர்கள் நேசத்திற்குக் காரணமும் கேட்கப்படுவதில்லை, மன்னிப்பும் கோரப்படுவதில்லை. இரண்டு பேர் ஒருவரையொருவர் விரும்புகின்றனர். ஒருத்திக்கு உடல் இல்லை, அதுதான் இடர்ப்பாடு. இந்த எளிமை நமக்குப் பெரும் வியப்பளித்தது.

இந்த எளிமைக்கு நெடிய வரலாறு இருக்கின்றது. ஜப்பானில் யோஷியா நோபுகோ என்னும் எழுத்தாளர் 1916 முதல் சிறுமியர் இதழொன்றில் 'மலர்க் கதைகள்' என்னும் தொடரை எழுதினார். பள்ளி விடுதிகளில் பெண்களுக்கிடையே மலரும் ஆழ்ந்த நேசமே அவற்றின் பொருள். பெரும்பாலும் பிரிவில் முடியும். அவருடைய வாழ்வு பிரிவில் முடியவில்லை. மொன்மா சியோ என்னும் பெண்மணியை 1923-இல் சந்தித்தவர், 1973-இல் தாம் இறக்கும்வரை அவரோடு வாழ்ந்தார். இருவரையும் ஒரு குடும்பமாக ஏற்கச் சட்டத்தில் வழி இல்லை. ஆகவே 1957-இல் சியோவைத் தம் மகளாகத் தத்தெடுத்துக்கொண்டார். முப்பது ஆண்டுகளுக்கு மேல் துணையாக வாழ்ந்தவரை மகள் என்று பதிவு செய்ய வேண்டியிருந்தது. புகழும் செல்வமும் நிறைந்த எழுத்தாளருக்கே அந்த நிலை.

பின்னர் 1976-இல், மாத இதழொன்றின் ஆசிரியர் இத்தோ புங்காகு, இத்தகைய பெண் வாசகர்களின் கடிதங்களுக்கென்று தம் இதழில் ஒரு மூலையை ஒதுக்கி, அதற்கு அல்லிக் குலத்தாரின் அறை என்னும் பொருள்படப் பெயர் வைத்தார். லில்லி மலருக்கு அம்மொழியில் 'யுரி' என்று பெயர். இன்று இரு பெண்களின் காதலைப் பேசும் கதை வகைக்கு உலகெங்கும் 'யுரி' என்பதே பெயராகிவிட்டது. ஒரு மாத இதழின் கடிதப் பகுதியிலிருந்து பிறந்த சொல்! மாத இதழ்களில் எழுதுபவர்கள் சற்றுப் பெருமை கொள்ளலாம். சற்று எச்சரிக்கையும் கொள்ளலாம்.

நம் நாட்டு நிலையையும் ஓரிரு வரிகளில் குறிப்பிட வேண்டும், ஏனெனில் அம்மையார் நம்மிடம் முதலில் கேட்ட கேள்விகளுள் ஒன்று, "இது குற்றம் இல்லையா அண்ணா?" என்பது. குற்றம் இல்லை. 2018 செப்டம்பர் 6-ஆம் நாள் உச்ச நீதிமன்றம் அதனைத் தெளிவாக்கிவிட்டது. திருமணமாகப் பதியும் உரிமையை 2023 அக்டோபர் 17-ஆம் நாள் தீர்ப்பில் அதே நீதிமன்றம் வழங்க மறுத்தது. சட்டம் இயற்றுவோர் பொறுப்பு என்றது. சென்னை உயர் நீதிமன்றம் 2025 மே மாதம் வழங்கிய ஒரு தீர்ப்பில், திருமணம் ஒன்றினால் மட்டுமே குடும்பம் அமைவதில்லை, தேர்ந்துகொண்ட குடும்பமும் குடும்பமே என்று கூறியது.

இவற்றிலெல்லாம் நம்மைத் தைத்தது 2021-ஆம் ஆண்டுச் செய்திதான். பெற்றோரின் எதிர்ப்புக்கு அஞ்சி மதுரையிலிருந்து சென்னைக்கு வந்த இரண்டு இளம்பெண்கள் பாதுகாப்பு வேண்டி உயர் நீதிமன்றத்தை அணுகினர். வழக்கை விசாரித்த நீதியரசர் என்.ஆனந்த் வெங்கடேஷ், இப்பொருள் தமக்கு முழுதும் விளங்கவில்லை என்று வெளிப்படையாகவே கூறி, உளவியல் அறிஞர் ஒருவரிடம் சென்று அமர்ந்து கேட்டறிந்தார். அதன் பிறகே, ஜூன் 7-ஆம் நாள், தம் ஆணையை எழுதினார். நாட்டின் பெரிய நீதிமன்றங்களுள் ஒன்றில் அமர்ந்து, எனக்குத் தெரியவில்லை, கற்றுக்கொண்டு வருகிறேன் என்று சொல்ல அவருக்குத் தயக்கம் இருக்கவில்லை. ஒரு சங்க நூலகத்தின் மர நாற்காலியில் அமர்ந்து நாம் ஒரு வார்த்தையில் சொல்லிவிட்டோம்.

சரி, கதைக்கு வருவோம். குறை இல்லாத கதை அன்று இது. உரையாடல்கள் சில இடங்களில் நீண்டு தேய்கின்றன. டாராவின் வேடிக்கைப் பேச்சுகளில் பாதி நமக்குச் சிரிப்பூட்டவில்லை. வயது காரணமாக இருக்கலாம். மேயரம்மையை ஒரே வண்ணத்தில் தீட்டிவிட்டார்கள் என்பது நம் பெரிய குறை. மகளைத் தன் பிடிக்குள்ளேயே வைத்திருக்கும் தாய் என்றால், அந்தப் பிடிக்குள் அச்சமும் இருக்கும், பழைய காயமும் இருக்கும். அவற்றைக் காட்டியிருந்தால் கதை இன்னும் உயர்ந்திருக்கும். இசை மிக நன்று. பனிக்காட்டு ஓவியங்களும் அவ்வாறே. ஜூன் மாதத்துக் கல்கத்தாவில், மின்விசிறியும் நின்றுவிட்ட ஓர் இரவில், அவற்றைப் பார்த்துக்கொண்டிருந்ததே ஓர் இன்பம். வீட்டுப் பெரியோர்க்கு ஒரு செய்தி: வயது வந்தோர்க்கென்று தனியே ஓர் இணைப்பு இக்கதைக்கு உண்டு. அதனைச் சேர்க்காத பொதுப் பதிப்பைத்தான் நாம் படித்தோம். அதில் எவரும் முகத்தைத் திருப்பிக்கொள்ள வேண்டியதில்லை.

படித்து முடித்ததும் அம்மையார் வீட்டுக்குச் சென்றோம். நாம் சொன்னது தவறு, படிக்காமல் சொன்னோம் என்று தாயிடமும் மகளிடமும் கூறினோம். அந்தப் பெண் காபி கொண்டுவந்து வைத்துவிட்டு, "முடிவு எது வந்தது மாமா?" என்று மட்டும் கேட்டாள். நமக்கு வாய்த்த முடிவைச் சொன்னோம். "அதுதான் நல்ல முடிவு" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். இரண்டு மாதங்களில் அவள் நம்மிடம் சொன்ன முதற்சொற்கள் அவை.

அம்மையார் தலையைக் குனிந்தபடியே, "கதை நல்ல கதைதான் என்கிறீர்கள். அது எனக்குப் போதாது அண்ணா. இவ்வளவு கதை இருக்க, இதையே ஏன் விடாமல் படிக்கிறாள்? அதைச் சொல்லுங்கள்" என்றார்கள்.

அந்தக் கேள்விக்கு விடை நம்மிடம் இல்லை. அபிகெயிலின் தனிமை பிடித்திருக்கலாம். மார்கனின் வீடு பிடித்திருக்கலாம். ஓவியம் பிடித்திருக்கலாம். நாம் இளமையில் ஒரே நாவலைப் பதினொரு முறை படித்தோம். ஏன் என்று எவரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லத் தெரிந்திருக்காது. வேறு காரணமும் இருக்கலாம். இருந்தால் அதனைச் சொல்ல வேண்டியவள் அவள். சொல்லும் நாளும் அவளுடையது. அதனை நாம் ஊகித்துத் தாயிடம் கூறுவது இன்னொரு முறை படிக்காமல் தீர்ப்புச் சொல்வதாகும். இதையெல்லாம் எடுத்துரைக்க முயன்றோம். திறம்படச் சொன்னோமா என்பது ஐயமே. அம்மையார் சிறிது நேரம் பேசாதிருந்து, "அந்த மேயரம்மா கடைசியில் என்ன ஆகிறாள்?" என்று கேட்டார்கள். அதை மட்டும் நாம் சொல்ல மறுத்துவிட்டோம்.

சென்ற ஞாயிறு மாலை ஐந்து மணி இருக்கும். இருவரும் நூலகத்திற்கு வந்தார்கள். அந்தப் பெண் தன் வழக்கமான மூலையில் அமர்ந்து மடிக்கணினியைத் திறந்தாள். அம்மையார் செய்தித்தாளை எடுத்தார்கள், வைத்தார்கள், மீண்டும் எடுத்தார்கள். பிறகு எழுந்துபோய் நாற்காலியை இழுத்து மகளின் பக்கத்தில் போட்டுக்கொண்டு, பையிலிருந்து கண்ணாடியை எடுத்து அணிந்தார்கள். மகள் ஒன்றும் பேசாமல் திரையை நடுவே திருப்பி வைத்து, கதையை முதலிலிருந்து தொடங்கினாள்.

அம்மையாருக்கு ஆங்கிலம் தெரியும். ஆனால் நிதானமாகப் படிப்பார்கள். சற்றுப் பொறுத்து, "அழுத்தட்டுமா அம்மா?" என்று மகள் கேட்பது நம் மேசைவரை கேட்டது.

"இரு. இன்னும் படித்து முடிக்கவில்லை."

அன்று நூலகத்தைப் பூட்டும்போது மணி எட்டேகால்.